காலத்தச்சு: வாசகர் கேள்விகளும் என் பதில்களும்

நம் இதழில் நான் எழுதிவரும் மாயத்தொடர் இருபது அத்தியாயங்களைத் தாண்டிவிட்டது. கதாநாயகி பிழைப்பாளா என்று கேட்டு வரும் கடிதங்களைவிட, அவள் கையில் இருக்கும் பெட்டி எப்படி ஓடுகிறது என்று கேட்டு வரும் கடிதங்கள்தான் அதிகம். அதில் எனக்கு எவ்வளவு மகிழ்ச்சி என்று சொல்லி முடியாது. பித்தளைச் சக்கரங்களையும் ஒரே ஒரு மாயக்கல்லையும் வைத்துக் காலத்தைத் தேக்கி, வேண்டும்போது திறந்துவிடும் தொழிலுக்குக் ‘காலத்தச்சு’ என்று பெயர் வைத்திருக்கிறேன். முழுக்க என் கற்பனை. ஆனால் அதன் ஒவ்வொரு பல்லும் எங்கள் அப்பாவின் கடிகாரக் கடையிலிருந்து எடுத்தது. தொடரைப் படிக்காதவர்களுக்கும் புரியும்படி இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

*

கோவையிலிருந்து ஒரு பொறியியல் மாணவர்: மந்திரம் என்றால் ஓலைச்சுவடி, உச்சாடனம், யாகம் என்றுதானே வரும்? நீங்கள் ஏன் தச்சு என்கிறீர்கள்? அதுவும் பித்தளை வேலைக்கு?

தம்பி, பித்தளையில் வேலை செய்கிறவர் கன்னார், தச்சர் இல்லை. நீங்கள் கேட்டது சரி. இருந்தும் நான் தச்சு என்ற சொல்லை விடாததற்கு ஒரு மனிதர் காரணம்.

ஜான் ஹாரிசன் இங்கிலாந்தில் ஒரு தச்சரின் மகனாக 1693இல் பிறந்தவர். அவரும் தச்சுவேலைதான் பார்த்தார். அவருடைய முதல் கடிகாரங்களில் சக்கரங்கள்கூட மரம். பிராக்கிள்ஸ்பி பார்க் என்ற மாளிகையின் லாயத்துக்கு 1722 வாக்கில் அவர் செய்துகொடுத்த கடிகாரத்தில், உராயும் இடங்களுக்கு லிக்னம் வைட்டே என்ற மரத்தைப் போட்டார். அந்த மரத்துக்குள்ளேயே எண்ணெய்ப்பசை உண்டு. வெளியிலிருந்து ஒரு சொட்டு எண்ணெய் விடவேண்டாம். கடிகாரக்காரர் எல்லோருக்கும் எண்ணெய்தான் பெரிய தலைவலி. நாளாக நாளாக அது கெட்டியாகிக் கோந்துபோல் ஒட்டிக்கொள்ளும். மரத்தைத் தெரிந்த கை அந்த இடத்துக்கு மரத்திலிருந்தே விடை கண்டது.

பிறகு கடலில் கப்பல் எங்கே நிற்கிறது என்று கண்டுபிடிக்கும் கடிகாரத்துக்காக ஏறத்தாழ வாழ்நாள் முழுவதையும் செலவழித்தார். மூன்றாவது கருவிக்கு மட்டும் 19 வருடம். நான்காவது கருவி, உள்ளங்கையைவிடச் சற்றே பெரியது, 1761இல் ஜமைக்காவுக்குக் கப்பலேறியது. 81 நாள் கடலில் ஆடிவிட்டு, சுமார் 5 விநாடிதான் பின்தங்கியிருந்தது.

ஒரு கருவியின்மேல் 19 வருடம் குனிந்திருப்பதைவிடப் பெரிய உச்சாடனம் எனக்குத் தெரியவில்லை. என் கதையில் காலத்தை ஆளுகிறவர்கள் முனிவர்களாக இருக்கக் கூடாது, அரம் பிடித்துக் கை காய்த்தவர்களாக இருக்கவேண்டும் என்று அன்றைக்கே முடிவு செய்தேன். பெயரும் அப்படி வந்ததுதான்.

*

மதுரையிலிருந்து ஒன்பதாம் வகுப்பு மாணவி: மடைப்பெட்டி எப்படி வேலை செய்கிறது? என் தம்பிக்கும் புரியும்படி சொல்லுங்கள். அவன் ஐந்தாம் வகுப்பு.

முதலில் ஒரு நிஜக் கடிகாரத்தைத் திறப்போம். சாவி கொடுத்து ஓடும் பழைய கைக்கடிகாரம். சாவியைத் திருகும்போது உள்ளே மெயின் ஸ்பிரிங் என்ற எஃகு நாடா சுருண்டுகொள்கிறது. விட்டால் சர்ரென்று ஒரே மூச்சில் பிரிந்துவிடும், முட்கள் காற்றாடிபோல் சுற்றிவிட்டு நின்றுபோகும். அப்படி நடக்காமல் ஒன்று தடுக்கிறது. எஸ்கேப் வீல் என்று ஒரு கூரான பற்சக்கரம், அதன் பல்லைப் பிடித்துப் பிடித்து விடும் பேலட், அந்தப் பேலட்டைத் தட்டிவிடும் பேலன்ஸ் சக்கரம். பிடி, விடு. பிடி, விடு. நீ கேட்கும் டிக் டிக் அந்தப் பிடிப்பின் சத்தம்தான். அப்பாவின் கடைக்கு வந்த பெரும்பாலான கடிகாரங்களில் மணிக்கு 18,000 தடவை. விநாடிக்கு 5. ஒரு நாளைக்கு 4,32,000.

உன் தம்பியிடம் இதைச் சொல்: கடிகாரம் ஓடுவது ஸ்பிரிங்கால், ஆனால் நேரம் காட்டுவது தடையால். எனக்குப் பன்னிரண்டு வயதில் அப்பா இதைச் சொன்னபோது இரவு தூக்கம் வரவில்லை.

இப்போது என் கற்பனைக்கு வா. ஏரியைப் பார்த்திருப்பாய். ஏரிக்கு மடை உண்டு. மடை தண்ணீரை உண்டாக்குவதில்லை. தேங்கியதை அளவோடு விடுகிறது. காலத்தச்சரின் பெட்டியும் அதுபோலத்தான். பலாப்பலகையில் ஒரு பெட்டி, உள்ளே ஒரு சுருள், ஒரு தடைப்பல், சக்கரங்கள். தச்சர் பெட்டியின்மேல் கைவைத்து ஒரு மணி நேரம் பேசாமல், எதுவும் செய்யாமல் உட்கார்ந்திருக்கவேண்டும். அவருடைய அந்த ஒரு மணி நேரம் சுருளில் ஏறும். பிறகு யாருக்காவது அவசரம் வரும். பிரசவ வலி எடுத்து மருத்துவச்சி இன்னும் வந்து சேரவில்லை என்று வைத்துக்கொள். தச்சர் தடைப்பல்லைத் தளர்த்துவார். அந்த வீட்டுக்குள் ஐம்பது நிமிடம் கூடுதலாகக் கிடைக்கும். வெளியே தெருவில் நாய் குரைக்க வாயைத் திறந்தபடி நிற்கும்.

ஏன் ஐம்பது, அறுபது இல்லையா என்று நீ கேட்பாய். மீதிப் பத்தும் உராய்வில் போய்விட்டது. உராய்வே இல்லாத கருவி உலகத்தில் கிடையாது, என் கற்பனை உலகத்திலும் கிடையாது. இன்னொன்று: தச்சர் தன் நேரத்தைத்தான் ஏற்றமுடியும். அடுத்தவர் நேரத்தைப் பிடுங்கி ஏற்றினால் சுருள் முறிந்துபோகும்.

சரி, மாயம் எங்கே? ஒரே ஒரு கல்லில். நல்ல கைக்கடிகாரத்தில் 17 கல் இருக்கும். சக்கரங்களின் ஊசிமுனை தேயாமலிருக்க வைத்த செயற்கை மாணிக்கம். 1902இல் அதைத் தொழிற்சாலையில் உருக்கிச் செய்யும் முறை வந்துவிட்டது, அதனால் விலை ஒன்றும் பெரிதில்லை. ஆனாலும் அப்பாவிடம் கடிகாரத்தைத் திரும்ப வாங்குகிறவர்களில் பாதிப்பேர் “கல்லெல்லாம் பத்திரமா இருக்கில்ல?” என்று கேட்காமல் போகமாட்டார்கள். அப்பா கோபப்படமாட்டார். பின்மூடியைத் திறந்து, கண்ணில் மாட்டும் லென்ஸை அவர்கள் கையில் கொடுத்து எண்ணச் சொல்வார். அந்த எண்ணுகிற முகங்களைப் பார்த்துத்தான் எனக்குத் தோன்றியது: எண்ணும்போது 18 இருந்தால்? எந்தச் சக்கரத்தையும் தாங்காமல், எந்த வேலையும் இல்லாத இடத்தில், பதினெட்டாவதாக ஒரு கல் இருந்தால்? மடைப்பெட்டியில் மற்றதெல்லாம் கடிகார வேலை. அந்தக் கல் மட்டும் மாயம்.

*

தூத்துக்குடியிலிருந்து ஒரு வாசகி: மடைப்பெட்டியின் டிக் ஒலி கேட்கும் தூரம் வரைதான் அதன் சக்தி செல்லும் என்று ஆறாவது அத்தியாயத்தில் எழுதியிருக்கிறீர்கள். எனக்குப் பிறவியிலிருந்தே காது கேட்காது. நான் அந்த அறையில் இருந்தால் எனக்கு மட்டும் அந்த ஐம்பது நிமிடம் கிடைக்காதா?

உங்கள் கடிதம் வந்த அன்று நான் வேறு எதுவும் எழுதவில்லை. அந்த விதியை எழுதியபோது நான் உங்களை நினைத்துப் பார்க்கவில்லை. அது என் தவறு. அதுவும் நான் செய்யக்கூடாத தவறு, ஏனென்றால் எங்கள் வீட்டிலேயே அதற்கு விடை இருந்தது.

அறுபது வயதுக்குமேல் அப்பாவுக்குக் காது மந்தமாகிவிட்டது. கடிகாரம் பார்க்கிறவருக்குக் காது போவது கண் போவதற்குச் சமம். டிக் சத்தம் ஒரே சீராக இருக்கிறதா, நொண்டுகிறதா என்று காதால்தான் கண்டுபிடிக்கவேண்டும். நொண்டினால் பேலன்ஸ் சக்கரத்தை ஆட்டும் மெல்லிய சுருளான ஹேர் ஸ்பிரிங் சரியாக உட்காரவில்லை என்று அர்த்தம். அப்பா என்ன செய்தார் தெரியுமா? திருப்புளியின் முனையைக் கடிகாரத்தின் மேல் வைத்து, பிடியைப் பல்லில் கடித்துக்கொண்டார். அதிர்வு தாடை எலும்பு வழியாக ஏறும். கண்ணை மூடிக்கொண்டு “நொண்டுது” என்பார். ஒரு தடவைகூடப் பிசகியதில்லை.

விதியை மாற்றிவிட்டேன். ஒலி கேட்கும் தூரம் இல்லை, அதிர்வு எட்டும் தூரம். புத்தகமாக வரும்போது ஆறாவது அத்தியாயம் திருத்தப்பட்டிருக்கும். அடுத்து வரும் பகுதியில் பெட்டியைப் பல்லில் கடித்துப் பார்க்கும் ஒரு தச்சச்சியும் வருகிறாள். அவள் உங்களால் பிறந்தவள்.

*

சென்னையிலிருந்து ஒரு வங்கி ஊழியர்: காலத்தை ஆளுகிறவர் பின்னோக்கிப் போய்த் தன் தாத்தாவைக் கொன்றுவிட்டால் அவரே பிறந்திருக்கமாட்டார், பிறகு கொன்றது யார் என்ற பழைய சிக்கலை நீங்கள் தொடவே இல்லையே?

தொட்டிருக்கிறேன். ஆனால் தாத்தாவைக் கொல்லவில்லை.

பழைய கடிகாரத்தின் பின்மூடியைக் கழற்றி உட்பக்கத்தை லென்ஸில் பார்த்திருக்கிறீர்களா? ஊசியால் கீறிய சின்னச் சின்ன எழுத்துகள் இருக்கும். பழுது பார்த்தவர் போட்ட குறி. என்றைக்குத் திறந்தேன், என்ன செய்தேன் என்று அவரவர் பாணியில் கீறி வைப்பார்கள். அடுத்து திறப்பவருக்கான கடிதம் அது. உலகம் முழுக்க இந்த வழக்கம் உண்டு. எங்கள் அப்பாவின் குறி ஒரு ‘சு’, அதன் பக்கத்தில் மாதமும் வருடமும். நாற்பது வருடத்துக்கு முந்திய கடிகாரத்தில் நாலு கடைக்காரர்களின் குறிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருக்கும். அதில் ஒருவருடைய கையெழுத்து நடுங்கியிருக்கும். அவருக்கு வயதாகிவிட்டது என்று நமக்குத் தெரிந்துவிடும். முகம் தெரியாது, ஊர் தெரியாது, வயது மட்டும் தெரியும்.

என் கதையில் யாரும் உடம்போடு பின்னோக்கிப் போவதில்லை. பதினெட்டாவது கல் ஒன்றே ஒன்றை மட்டும் பின்னால் அனுப்பும்: கீறலை. தச்சர் பெட்டியைத் திறப்பார், உள்ளே தன் குறியே இருக்கும், இன்னும் வராத ஒரு தேதியோடு.

பதினான்காவது அத்தியாயத்தில் வரும் கிழத்தச்சரை நினைவிருக்கிறதா? மூன்று வருடம் தள்ளிய தேதியில் தன் கீறலைப் பார்க்கிறார். அப்படியானால் மூன்று வருடம் எனக்குச் சாவில்லை என்று துணிந்துவிடுகிறார். புயலில் தோணி எடுக்கிறார், நெருப்புக்குள் போகிறார். உண்மைதான், சாகவில்லை. நெருப்பில் வலதுகை போய்விடுகிறது. மூன்று வருடம் கழித்து அந்தத் தேதி வருகிறது. இடது கையால் ஊசியைப் பிடித்துக் கோணல்மாணலாகத் தன் குறியைக் கீறுகிறார். கீறி முடித்த பிறகு, அன்று பார்த்த கீறல் எப்படி இருந்தது என்று யோசிக்கிறார். அன்றைக்கே அது கோணலாகத்தான் இருந்தது. தேதியைப் படித்த அவசரத்தில் எழுத்தைப் பார்க்கவில்லை.

உங்கள் தாத்தா சிக்கலுக்கு என் பதில் இவ்வளவுதான். நடந்ததை மாற்றமுடியாது. நமக்குக் கிடைத்த குறியை இன்னும் கூர்ந்து படித்திருக்கலாம். இந்த ஒரு அத்தியாயத்துக்காகத்தான் மற்ற எல்லாவற்றையும் எழுதினேன் என்று சொன்னால்கூடத் தவறில்லை.

*

வவுனியாவிலிருந்து ஒரு வாசகர்: அக்கா, உங்கட கதையில் ஒரே ஊருக்குள்ள இரண்டு நேரம் ஓடுறதை வாசிக்க எனக்குக் கற்பனையாத் தெரியேல்ல. 2003இல எனக்குப் பத்து வயசு. அப்பாவோட ஓமந்தைச் சோதனைச்சாவடி தாண்டி அம்மம்மா வீட்டுக்குப் போகேக்க, மணிக்கூட்டை அரை மணித்தியாலம் பின்னால வைக்கோணும். திரும்பி வரேக்க முன்னால வைக்கோணும். இதை அறிஞ்சுதான் எழுதினீங்களோ?

தம்பி, அறிந்துதான் எழுதினேன். ஆனால் அதைச் சொல்ல என்னைவிட உரிமை உள்ளவர் நீங்கள்.

மற்ற வாசகர்களுக்காகச் சுருக்கமாக: 1996 மே மாதம் இலங்கையில் மின்சாரத்தை மிச்சப்படுத்த நாட்டின் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளினார்கள். அதே வருடம் அக்டோபரில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தார்கள். மீதி அரை மணி 2006 ஏப்ரல் வரை நின்றது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை, பழைய நேரத்திலேயே இருந்தன. ஒரு சாலை, ஒரு சோதனைச்சாவடி, இந்தப் பக்கம் 10 மணி, அந்தப் பக்கம் ஒன்பதரை.

எங்கள் பக்கமும் ஒரு கதை உண்டு. மதராஸ் வானாய்வகத்தின் நேரம் கிரீன்விச்சைவிட 5 மணி 21 நிமிடம் முன்னால் இருந்தது. ரயில்கள் வெகுகாலம் அந்த நேரத்தில்தான் ஓடின. 1906 ஜனவரி 1 முதல் இந்திய நேரம் ஐந்தரை மணி என்று வைத்தார்கள். மதராஸ்காரர்களுக்கு ஏறத்தாழ 9 நிமிடம் காணாமல்போனது. கல்கத்தா தன் நேரத்தை 1948 வரை விடவில்லை, பம்பாய் 1955 வரை.

ஆக, காலத்தைத் தள்ளி வைக்கும் வேலையை மாயம் இல்லாமலேயே அரசாங்கங்கள் செய்திருக்கின்றன. ஒரு நாட்டின் பெரிய முள்ளை யார் கையில் விடுவது என்ற கேள்விதான் என் கதையின் போர். உங்கள் கடிதத்தில் இன்னொரு வரி இருந்தது, அதை இங்கே போட அனுமதி கேட்டு வாங்கியிருக்கிறேன்: அம்மம்மா தன் வீட்டுச் சுவர் மணிக்கூட்டைக் கடைசிவரை மாற்றவில்லை, நீங்கள் போகும்போதெல்லாம் “இப்பதான் சரியான நேரத்துக்கு வந்திருக்கிறாய்” என்று சொல்வார் என்று எழுதியிருந்தீர்கள். நான் இவ்வளவு நாள் எழுதியதில் அதற்கு ஈடான ஒரு வரி இல்லை.

*

காஞ்சிபுரத்திலிருந்து ஓய்வுபெற்ற தமிழாசிரியர்: நம் முன்னோரிடம் கால இயந்திரம் இருந்தது என்று ஒரு காணொளி பார்த்தேன். உங்கள் தொடருக்கு அதுதான் மூலமா?

இல்லை ஐயா. அப்படி ஓர் இயந்திரம் இருந்ததற்கு எந்தச் சான்றும் இல்லை. இல்லாததை உண்டு என்று சொன்னால், உண்மையில் இருந்ததன்மேல் யாருக்கும் கண் போகாது. எனக்கு அதுதான் வருத்தம்.

இருந்தது என்ன? நீங்கள் மாணவர்களுக்கு நடத்தியிருப்பீர்கள். முல்லைப்பாட்டில் அரசனின் பாசறையில் பொழுதளக்கிறவர்கள் வந்து, குறுநீர்க் கன்னல் என்ற நீர்க்கடிகாரத்தில் இவ்வளவு நாழிகை கழிந்தது என்று அறிவிக்கிறார்கள். அவர்களுக்குப் புலவர் கொடுத்த பெயர் ‘பொய்யா மாக்கள்’. நாட்டில் எத்தனையோ பேர் அரசனிடம் பொய் சொல்லலாம். நேரம் சொல்கிறவன் பொய் சொன்னால் காவல் மாறாது, படை புறப்படாது. அந்த இரண்டு சொற்களைத்தான் என் தச்சர்களின் உறுதிமொழியாக வைத்திருக்கிறேன்.

புராணத்தில் காலம் வழுக்கிப்போகும் கதை உண்டு. ரேவதியை அழைத்துக்கொண்டு அவள் தந்தை பிரம்மலோகம் போகிறார். பாட்டு முடியட்டும் என்று சற்றுக் காத்திருக்கிறார். கீழே 27 சதுர்யுகம் ஓடிவிடுகிறது. அழகான கதை. ஆனால் அங்கே கருவி இல்லை, இடம்தான் மாறுகிறது. நான் தேடியது கருவியை.

அதை எனக்குக் கொடுத்தது ஒரு யானை. இன்றைய துருக்கியின் தியார்பக்கிர் பகுதியில் அரசவைப் பொறியாளராக இருந்த அல்ஜசரி 1206இல் முடித்த நூலில் ஒரு யானைக் கடிகாரத்தை வரைந்து விளக்கியிருக்கிறார். யானையின் வயிற்றுக்குள் தண்ணீர்த் தொட்டி, அதில் அடியில் துளையிட்ட கிண்ணம் மிதக்கும். அரை மணிக்கு ஒருமுறை நிறைந்து மூழ்கும். மூழ்கும்போது கயிற்றை இழுக்கும். பறவை கூவும், உருண்டை ஒன்று பாம்பின் வாயில் விழும், பாகன் மத்தளம் அடிப்பான். பாம்பு தாழும்போது கிண்ணம் மறுபடி மேலே தூக்கப்படும். துளையிட்ட கிண்ணம் என்றால் நம் நாழிகை வட்டில்தான் ஐயா. அதே சூத்திரம். அந்தப் படத்தைப் பார்த்த நாளிலிருந்து என் கதையின் ஊருக்கு நடுவில் ஒரு கல்யானை நிற்கிறது.

*

நாமக்கல்லிலிருந்து ஒரு வாசகர்: வேகத்தாலும் ஈர்ப்பாலும் காலத்தின் ஓட்டம் மாறும் என்று ஐன்ஸ்டைன் சொன்ன காலத் தளர்ச்சியை ஏன் பயன்படுத்தவில்லை?

அது மாயம் இல்லை என்பதால். 1971இல் அணுக்கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிக் கொண்டுவந்து பார்த்தார்கள். கிழக்கே போனவை நானோ விநாடிக் கணக்கில் பின்தங்கின, மேற்கே போனவை முந்தின. உங்கள் கைபேசிக்கு வழி சொல்லும் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையில் இருப்பதைவிட நாளைக்கு 38 மைக்ரோ விநாடி வேகமாக ஓடுகின்றன, அதைத் திருத்தித்தான் அனுப்புகிறார்கள். ஏற்கனவே நடப்பதை நான் எதற்குக் கற்பனை செய்யவேண்டும்?

*

சேலத்திலிருந்து ஒரு வாசகி: என் வீட்டுக்காரர் இறந்து ஆறு வருடம் ஆகிறது. உங்கள் மடைப்பெட்டி பிரசவத்துக்கு நேரம் கொடுக்கிறது, போருக்கு நேரம் கொடுக்கிறது. செத்தவர்களை மட்டும் ஏன் திருப்பித் தருவதில்லை? எழுதுவது உங்கள் கைதானே. ஒரு வரி எழுதினால் போதாதா?

அக்கா, அந்த வரியை எழுதிப் பார்த்தேன். பதினோராவது அத்தியாயத்துக்காக எழுதினேன். தச்சர் தடைப்பல்லைத் தளர்த்துகிறார், இறந்துபோன மனைவி வாசலில் வந்து நிற்கிறாள். இரண்டு பக்கம் எழுதிவிட்டு மேற்கொண்டு நகரமுடியவில்லை. அவள் பேசியதெல்லாம் நான் எழுதிக்கொடுத்த பேச்சாக இருந்தது, அவள் பேச்சாக இல்லை. கிழித்துவிட்டேன்.

என் உலகத்தின் கணக்குப்படி, ஒருவர் உட்கார்ந்து கொடுத்த நேரம்தான் பெட்டியில் இருக்கும். அந்த மனைவி உயிரோடிருந்தபோது பெட்டியின்மேல் கைவைத்து எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தாளோ, அதுமட்டும் உள்ளே இருக்கும். அதைத் திறக்கலாம். அப்படியொரு அத்தியாயம் வரப்போகிறது. அதில் அவள் வரமாட்டாள். அவள் கொடுத்த ஐம்பது நிமிடம் வரும்.

என் சொந்த விஷயம் ஒன்று சொல்கிறேன். அப்பா போய்ப் பதினேழு வருடம். கடையை அப்போதே எடுத்துவிட்டோம். திருச்சி பெரிய கடை வீதியில் ஒரு மாடிப்படிக்கு அடியில் நாலடிக்கு ஆறடி இடம், இப்போது அங்கே கைபேசி உறை விற்கிறார்கள். போன வருடம் தெரிந்தவர் ஒருவர் தன் மாமனாரின் எச்.எம்.டி. ஜனதா கைக்கடிகாரத்தைக் கொண்டுவந்து, ஓடவில்லை, பார்க்கமுடியுமா என்றார். அப்பாவின் சாமான் பெட்டி என்னிடம் இருக்கிறது. பின்மூடியைத் திறந்தேன். உள்ளே ‘சு’, 7, 87.

எண்ணெய் கெட்டியாகி எல்லாம் பிடித்துக்கொண்டிருந்தது. பிரித்துக் கழுவவேண்டும். சக்கரங்களைப் பிடித்திருக்கும் பிரிட்ஜ் என்ற தகட்டின் முதல் திருகில் திருப்புளியை வைத்தேன், திருப்பவில்லை. 1987க்குப் பிறகு வேறு யாருடைய குறியும் உள்ளே இல்லை. அந்தத் திருகைக் கடைசியாக முடுக்கியது அப்பாவின் கை. நான் திருப்பினால் அந்த முடுக்கு போய்விடும். எவ்வளவு நேரம் அப்படி உட்கார்ந்திருந்தேன் என்று தெரியவில்லை. பிறகு திருப்பினேன். அப்பா எப்போதும் முடுக்கும் அளவுதான் முடுக்கியிருந்தார், விரல் நுனிக்குத் தெரிந்தது. கழுவி, எண்ணெய் விட்டு, மூன்று நாள் மூன்று நிலையில் வைத்துப் பார்த்தேன். டயல் மேலே, டயல் கீழே, சாவி கீழே. ஓடுகிறது. பின்மூடியில் அவர் குறிக்குக் கீழே என் குறியையும் கீறிக் கொடுத்தனுப்பினேன்.

உங்கள் வீட்டுக்காரர் என்ன வேலை பார்த்தார் என்று நீங்கள் எழுதவில்லை. கதவில், மிக்சியில், தையல் மெஷினில், அவர் முடுக்கிய திருகு ஒன்று உங்கள் வீட்டில் இருக்கும். ஆளை வைத்து எதையாவது மாற்றுவதற்கு முன் அதைத் தேடிப் பாருங்கள். எங்கே இருந்தது என்று எனக்கு எழுதுங்கள்.

*

திருவண்ணாமலையிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்: நானும் காலக்கருவிகள் வரும் ஒரு மாயக்கதை எழுத ஆசைப்படுகிறேன். எங்கே தொடங்குவது?

ஒரு கிண்ணத்தில் தொடங்குங்கள். மெல்லிய எவர்சில்வர் கிண்ணம், எடை குறைந்ததாக. அடியில் நடுவாக மிகச்சிறிய துளை போடுங்கள். ஆணி வேண்டாம், பாத்திரத்துக்குப் பெயர் வெட்டுகிறவரிடம் கொடுத்தால் நுணுக்கமாகப் போட்டுத் தருவார். வாளி நிறையத் தண்ணீரில் மிதக்கவிட்டு, மூழ்க எவ்வளவு நேரம் ஆகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். உங்கள் இலக்கு 24 நிமிடம். ஒரு நாழிகை. அப்படி 60 சேர்ந்தால் ஒரு நாள்.

முதல் தடவை வராது. காலையில் பார்த்ததும் மத்தியானம் பார்த்ததும் ஒன்றாக இருக்காது, தண்ணீர் சூடானால் வேகமாக ஏறும். தூசி அடைத்துக்கொள்ளும். கிண்ணம் ஒருபக்கம் சாய்ந்தால் கணக்கு மாறும். இதையெல்லாம் ஒரு நோட்டில் எழுதுங்கள். உங்கள் மாயக் கருவி எங்கெல்லாம் பழுதாகும் என்று அந்த நோட்டு உங்களுக்குச் சொல்லிக்கொடுக்கும், பழுதாகும் இடத்தில்தான் கதை இருக்கிறது. துளையைக் கொஞ்சம் கொஞ்சமாக, ஊசி அரத்தால் தொட்டுத் தொட்டுப் பெரிதாக்குங்கள். 25 நிமிடம் வந்ததும் கையை எடுத்துவிட்டு ஒரு நாள் பொறுங்கள். அவசரப்பட்டு இன்னொரு இழுப்பு இழுத்துவிட்டால் 22க்குப் போய்விடும், பிறகு துளையைச் சிறிதாக்க வழியில்லை. புதுக் கிண்ணம்தான்.